ஆடி மாதத்தில் காணாமல் போன டிஎல்எல்

ஆடியில் கல்யாணம் கிடையாது. ஆனால் கல்யாணப் பத்திரிகை அடிக்கிற கடைக்கு ஆடியைப் போல் மூச்சுமுட்டும் மாதம் வேறு இல்லை. ஆவணி முகூர்த்தங்களுக்கான கார்டுகள் எல்லாம் அப்போதுதான் அச்சேறும். பினாங்கு ஜார்ஜ்டவுனில் லெபோ பசார் பக்கம் ஒரு கடைவீட்டின் கீழ்த்தளத்தில் மாமா அப்படி ஒரு கடையை ஓட்டிக்கொண்டிருக்கிறார். போன ஆடியில் ஒரு வெள்ளிக்கிழமை, பாயான் லெப்பாஸில் வேலை முடிந்து காரை நோக்கி நடந்துகொண்டிருந்தேன். மாமாவிடமிருந்து அழைப்பு.

"மாப்ள, புதுக் கம்ப்யூட்டர் வாங்கிட்டேன். நம்ம கார்டு சாப்ட்வேர் தொறக்க மாட்டேங்குது. என்னமோ ஒரு ஃபைல காணோமாம். பையன் அத நெட்டுலேருந்து எடுத்துப் போட்டான். இப்ப வேற மாதிரி திட்டுது."

ஃபைலைக் காணோம் என்றபோது எனக்குக் கவலை வரவில்லை. பையன் எடுத்துப் போட்டான் என்றதும் வந்தது. வீட்டுக்கு அழைத்து, சாப்பாட்டுக்குக் காத்திருக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டு நேரே கடைக்குப் போனேன்.

கொம்தார் பக்கம் வாங்கிய புதுக் கணினி பளபளவென்று இருந்தது. உள்ளே விண்டோஸ் 11. பழையதில் விண்டோஸ் 7, அதன் மதர்போர்டு போய்விட்டதாம். கடைப்பையன் கெட்டிக்காரன்தான். பழைய ஹார்டு டிஸ்கைக் கழற்றி, யூஎஸ்பி பெட்டியில் மாட்டி, கார்டு மென்பொருளின் ஃபோல்டரை அப்படியே புதுக் கணினிக்கு நகலெடுத்திருந்தான். இரட்டைக் கிளிக் செய்தால் ஒரு பெட்டி எட்டிப் பார்த்தது: எம்எஸ்விசிஆர்100.டிஎல்எல் இந்தக் கணினியில் இல்லை, மென்பொருளைத் திரும்ப நிறுவிப் பாருங்கள். அந்தப் பெயரைத் தேடி, முதலில் வந்த தளத்திலிருந்து கோப்பை இறக்கி, சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டான். அதே பெட்டி. இன்னொரு தளத்திலிருந்து இன்னொன்றை இறக்கி, மென்பொருளின் ஃபோல்டரிலேயே போட்டான். இப்போது பெட்டி மாறிவிட்டது: மென்பொருள் சரியாகத் தொடங்க முடியவில்லை, 0எக்ஸ்சி000007பி. மாமா சொன்ன 'வேற மாதிரித் திட்டு' இதுதான்.

இந்த டிஎல்எல் என்பது என்ன என்று மாமாவுக்குச் சொல்ல எனக்கு ஒரு வழி இருந்தது. அவரும் என் அம்மாவும் பிறந்தது செபராங் பிறையில் ஒரு தோட்டத்தில். அந்தத் தோட்டத்துக் கோயிலில் நாலு பெரிய அண்டா, ஆறு குண்டான், ஆளுயரக் கரண்டிகள் எல்லாம் இருக்கும். யார் வீட்டில் விசேஷம் என்றாலும் அங்கிருந்துதான் எடுத்துப்போக வேண்டும். இருநூறு பேருக்குச் சோறு வடிக்கிற அண்டாவை எந்த வீடும் சொந்தமாக வாங்கி வைத்துக்கொள்ளவில்லை, வைக்க இடமும் கிடையாது. மென்பொருள்களும் அப்படித்தான். எழுத்தைத் திரையில் வரைவது, கோப்பைத் திறப்பது, கணக்குப் போடுவது மாதிரி எல்லோருக்கும் வேண்டிய வேலைகளைப் பொதுவான கோப்புகளில் எழுதி வைத்துவிடுவார்கள். ஒவ்வொரு மென்பொருளும் தொடங்கும்போது தனக்கு வேண்டியவற்றின் பட்டியலை நீட்டும். விண்டோஸ் தேடி எடுத்துக் கொடுக்கும். பட்டியலில் ஒன்று குறைந்தாலும் சமையல் தொடங்காது.

"அப்ப கோயில்ல அண்டா இல்ல," என்றார் மாமா.

"அண்டாவ யாரும் கொண்டுவந்தே வைக்கல மாமா."

விஷயமே அதுதான். எம்எஸ்விசிஆர்100 விண்டோஸின் சொந்தச் சொத்து அல்ல. மைக்ரோசாப்டின் விஷுவல் சி++ 2010 கொண்டு எழுதப்பட்ட மென்பொருள்களுக்கு வேண்டிய கோப்பு அது. அந்தக் காலத்து மென்பொருளை முறையாக நிறுவியிருந்தால், நிறுவி சத்தமில்லாமல் பின்னணியில் இதையும் சேர்த்து நிறுவியிருக்கும். பழைய கணினியில் அப்படித்தான் வந்தது. பையன் செய்தது வீடு மாறும்போது பாத்திரங்களை மட்டும் வண்டியில் ஏற்றி, கேஸ் இணைப்பை மறந்துவிட்ட மாதிரி. ஃபோல்டர் வந்தது, நிறுவி ஓடவே இல்லை. 'திரும்ப நிறுவிப் பாருங்கள்' என்று அந்தப் பெட்டி சொன்னது வெறும் சம்பிரதாய வார்த்தை இல்லை. நாம்தான் அதைப் படிக்காமல் கோப்பின் பெயரை மட்டும் நகலெடுத்துக்கொண்டு தேடப் போகிறோம்.

இந்தக் கோப்புகளை மொத்தமாக நிறுவித் தருகிற விஷுவல் சி++ பொட்டலங்கள் ஆண்டுவாரியாக உண்டு. பெயரின் கடைசியில் உள்ள எண்ணைப் பார்த்தாலே எந்த ஆண்டுப் பொட்டலம் வேண்டும் என்று தெரிந்துவிடும். 80 என்றால் 2005, 90 என்றால் 2008, 100 என்றால் 2010, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 140 என்றால் 2015இலிருந்து பிந்தைய பதிப்புகள். 2015, 2017, 2019, 2022 நான்குக்கும் ஒரே பொட்டலம் போதும். நடுவில் 130 கிடையாது, 12க்குப் பிறகு நேரே 14க்குத் தாவிவிட்டார்கள். எனவே எம்எஸ்விசிஆர்130 வேண்டும் என்று யாராவது கேட்டால் சந்தேகப்படுங்கள். இவை எல்லாம் மைக்ரோசாப்டின் சொந்தத் தளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. ஒற்றை டிஎல்எல்லைப் பிய்த்துக் கொடுக்கிற தளங்களுக்குப் போக வேண்டிய அவசியமே இல்லை. யார் கொடுத்தது, எந்தப் பதிப்பு, உள்ளே வேறு என்ன ஒட்டிக்கொண்டிருக்கிறது, எதுவும் தெரியாது. அந்தக் கோப்பு மென்பொருளின் உள்ளேயே, அதே அதிகாரத்தோடு ஓடப்போகிறது. தெருவில் கிடந்த சாவியை எடுத்து வீட்டுப் பூட்டில் போட்டுப் பார்ப்பது வேறு, தெருவில் நின்றவரை வீட்டுக்குள் கூப்பிட்டுச் சமையலறையைக் கொடுப்பது வேறு.

சரி, பையன் போட்ட கோப்பு ஏன் வேலை செய்யவில்லை? இங்கே விண்டோஸின் ஒரு பழைய குறும்பைச் சொல்லியாக வேண்டும். மென்பொருள்களில் பழைய 32 பிட், புதிய 64 பிட் என்று இரண்டு வகை உண்டு, ஒன்றின் டிஎல்எல் மற்றதற்குப் பொருந்தாது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில். ஆமாம், தலைகீழ்தான். சிஸ்டம்32 என்ற பெயரைத் தங்களுக்குள் எழுதி வைத்திருந்த மென்பொருள்கள் ஏராளம் என்பதால் அந்தப் பெயரை மாற்ற முடியவில்லை. 32 பிட் மென்பொருள் ஒன்று சிஸ்டம்32இல் தேடினால், விண்டோஸ் அதைச் சொல்லாமல் கொள்ளாமல் சிஸ்வாவ்64 பக்கம் திருப்பிவிடும். மாமாவின் மென்பொருள் 32 பிட். பையன் சிஸ்டம்32இல் வைத்த கோப்பை அது எட்டிப் பார்க்கவே இல்லை. இரண்டாவது முறை இறக்கியது 64 பிட் கோப்பு. அது மென்பொருளின் பக்கத்திலேயே இருந்ததால் கண்ணில் பட்டது, ஆனால் பொருந்தவில்லை. அந்த 0எக்ஸ்சி000007பி சொல்வது, இந்தக் கோப்பின் வடிவம் எனக்கு ஒத்துவராது என்று. பெரும்பாலும் 32க்கும் 64க்கும் நடக்கும் தகராறுதான் அது.

முதலில் பையன் போட்ட இரண்டையும் நீக்கினேன். இது முக்கியம். தேடும் வரிசையில் மென்பொருளின் சொந்த ஃபோல்டர்தான் முதலில், அதன்பிறகுதான் சிஸ்டம் ஃபோல்டர், விண்டோஸ் ஃபோல்டர், அப்புறம் பாத் என்று விண்டோஸ் வைத்திருக்கிற ஃபோல்டர் பட்டியலில் உள்ளவை. தப்பான கோப்பு வாசலிலேயே உட்கார்ந்திருந்தால் சரியானதை நிறுவியும் தகராறு தீரும் என்று நம்ப முடியாது. பிறகு 2010ஆம் ஆண்டுப் பொட்டலத்தை இறக்கினேன், எக்ஸ்86 என்று குறித்திருந்த 32 பிட் பதிப்பை. கணினி 64 பிட் என்பதால் எக்ஸ்64ஐ மட்டும் போட்டுவிட்டு இன்னும் வரவில்லையே என்று தலையைச் சொறிகிறவர்கள் நிறைய. பார்க்க வேண்டியது மென்பொருள் எத்தனை பிட் என்பதை. குழப்பமாக இருந்தால் இரண்டையும் நிறுவிக்கொள்ளலாம், ஒன்றோடொன்று சண்டை போடாது.

மென்பொருள் திறந்தது. மாமா கைதட்டினார். நான் அதற்குள் பையில் லேப்டாப்பை வைக்கத் தொடங்கிவிட்டேன், அதுதான் என் தவறு. பையன் ஒரு கார்டைத் திறந்து பிடிஎஃப் ஆக்கப் போனான். இன்னொரு பெட்டி. பிடிஎஃப் ஆக்கும் துணைக்கோப்பைக் கண்டுபிடிக்க முடியவில்லை, பிழை 126.

"அண்ணே, அந்த ஃபைல் இங்கதான இருக்கு," என்றான் பையன், திரையில் விரலை வைத்து. இருந்தது. பெயர், எழுத்து, எல்லாம் சரி. இருக்கிற கோப்பை இல்லை என்று விண்டோஸ் சொல்கிறது.

இந்த இடத்தில்தான் பாதிப் பேர் வெறுத்துப்போய் விண்டோஸையே மறுபடி நிறுவுகிறார்கள். பிழைப்பெட்டி பெயர் சொல்கிற கோப்பு பல நேரம் குற்றவாளியே இல்லை. அந்தக் கோப்புக்கும் ஒரு பட்டியல் உண்டு. அதில் ஒன்று இல்லையென்றால் இதையும் ஏற்ற முடியாது. மேலே உட்கார்ந்திருக்கிற மென்பொருளுக்குத் தெரிவது 'நான் கூப்பிட்டவர் வரவில்லை' என்பது மட்டும். அவர் வராததற்குக் காரணம் அவருடைய டிரைவர் வராதது என்று அதற்குத் தெரியாது.

இதற்கு நான் எப்போதும் எடுப்பது பிராசஸ் மானிட்டர். மார்க் ருசினோவிச்சும் பிரைஸ் காக்ஸ்வெல்லும் தொடங்கிய சிஸ்இன்டர்னல்ஸ் கருவிகளில் ஒன்று. 2006இல் மைக்ரோசாப்ட் அந்த நிறுவனத்தை வாங்கியது, கருவிகள் இன்னும் இலவசம். ஒரு மென்பொருள் எந்தெந்தக் கோப்பை எங்கெங்கே போய்த் தேடுகிறது என்பதை வரிவரியாகக் காட்டும். திறந்த சில நொடிகளில் லட்சக்கணக்கான வரிகள் ஓடும், பயப்பட வேண்டாம். மென்பொருளின் பெயரை வைத்து வடிகட்டினால் அடங்கிவிடும்.

மாமாவின் திரையில் தெரிந்தது இப்படி. துணைக்கோப்பைத் திறந்தது, வெற்றி. அடுத்த வரியில் மென்பொருளின் ஃபோல்டரில் எம்எஸ்விசிபி120.டிஎல்எல், பெயர் கிடைக்கவில்லை. அடுத்து சிஸ்வாவ்64இல் அதே பெயர், கிடைக்கவில்லை. விண்டோஸ் ஃபோல்டரில், இல்லை. பிறகு பாத் பட்டியலில் உள்ள ஒவ்வொரு ஃபோல்டரிலும், இல்லை, இல்லை, இல்லை. சாயங்காலம் பிள்ளையைத் தேடி ஒவ்வொரு வீட்டுக் கதவாகத் தட்டிக்கொண்டு போகிற தாயைப் பார்ப்பது மாதிரி இருந்தது. கடைசிக் கதவுக்கு அப்புறம் பிழைப்பெட்டி.

ஒரு எச்சரிக்கை. 'கிடைக்கவில்லை' என்ற வரி எல்லாம் பிழை அல்ல. நன்றாக ஓடுகிற மென்பொருளிலும் அது ஆயிரக்கணக்கில் வரும், ஏனென்றால் முதல் கதவில் இல்லாதது இரண்டாவது கதவில் இருக்கும். தேட வேண்டியது, எல்லாக் கதவும் தட்டியும் கடைசிவரை 'வெற்றி' என்று வராத பெயரை. 120 என்றால் 2013. பிடிஎஃப் துணைக்கோப்பைச் செய்தவர்கள் மென்பொருளைச் செய்தவர்களைவிட மூன்று ஆண்டு புதிய கருவியில் செய்திருக்கிறார்கள், அவ்வளவுதான். 2013 பொட்டலம், மறுபடியும் எக்ஸ்86. பிடிஎஃப் வந்தது.

இதற்கு நடுவில் பையன் இணையத்தில் படித்த வைத்தியங்களை எல்லாம் வரிசையாகச் சொல்லிக்கொண்டே இருந்தான். எஸ்எஃப்சி ஸ்கேன்நவ் போடலாமா என்றான். அது விண்டோஸின் சொந்தக் கோப்புகள் பழுதாகியிருக்கின்றனவா என்று மட்டும் பார்க்கும். நமக்குக் காணாமல் போனது விண்டோஸின் சொந்தக் கோப்பே இல்லை. இணையத்தில் எந்த வியாதிக்கும் இந்தக் கஷாயத்தை ஊற்றுகிறார்கள். ரெக்எஸ்விஆர்32 கொடுத்துப் பதிவு செய்யலாமா என்றான். அது தன்னை விண்டோஸில் பதிந்துகொள்ளத் தெரிந்த காம் வகை டிஎல்எல்களுக்கு மட்டும். மற்றவற்றுக்குக் கொடுத்தால் நுழைவாயில் இல்லை என்று முகத்தில் அடித்த மாதிரிச் சொல்லும். வைரஸ் தடுப்பான் ஏதாவது பிடித்து வைத்திருக்குமோ என்றான். அது நியாயமான கேள்வி, நேற்றுவரை ஓடியது இன்று ஓடவில்லை என்றால் நான் முதலில் பார்ப்பதும் அங்கேதான். இங்கே அப்படி இல்லை.

பையனைத் திட்ட எனக்கு மனம் வரவில்லை. 2004இல் நான் இதைவிட மோசமாகச் செய்திருக்கிறேன். அப்போது கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். கோயில் திருவிழா மலர் ஒன்றை யூனிகோடில் செய்து தருகிறேன் என்று வாயைக் கொடுத்துவிட்டேன். விண்டோஸ் எக்ஸ்பி. நோட்பேடில் தமிழ் அழகாகத் தெரிந்தது. பக்கம் அமைக்கிற மென்பொருளில் கொட்டினால் 'மேளம்' என்பது 'மளேம்' என்று தெரிந்தது. மகரத்தின் கொம்பு அவரை விட்டுவிட்டு அடுத்த வீட்டு ளகரத்தின் முன்னால் போய் நின்றது.

யூனிகோடில் 'மே' என்று எழுதினால் கோப்பில் முதலில் மகரம், பிறகுதான் கொம்பு. சொல்லும் ஒலியின் வரிசை அது. எழுதும்போது கொம்பு இடப்பக்கம் வர வேண்டும். அதைத் தூக்கி இடப்பக்கம் வைக்கிற வேலையை விண்டோஸில் செய்தது யுஎஸ்பி10.டிஎல்எல் என்ற கோப்பு, யூனிஸ்கிரைப் என்று பெயர். இதைக் கேள்விப்பட்டதும், யாரோ எங்கோ வைத்திருந்த புதிய யுஎஸ்பி10ஐ இறக்கி, சிஸ்டம்32இல் இருந்ததன்மேல் போட்டேன். போட்டுவிட்டுப் பார்த்தால் பழையதே இருந்தது. மறுபடி போட்டேன். மறுபடி பழையது. கொண்டுபோய் விட்ட பூனை நமக்கு முன்னால் வீட்டுக்கு வந்து உட்கார்ந்திருக்குமே, அப்படி. முக்கியமான கோப்புகளை யாராவது மாற்றினால் ஒளித்து வைத்த நகலிலிருந்து எடுத்துப் பழையபடி போடுகிற காவல் விண்டோஸ் 2000இலிருந்தே இருந்தது என்பது எனக்குத் தெரியாது. அது மட்டும் இல்லாதிருந்தால் மலர் வேலையோடு அந்தக் கணினியும் போயிருக்கும்.

மூன்றாம் நாள்தான் கண்ணில் பட்டது. அந்தப் பக்க அமைப்பு மென்பொருள் தன் சொந்த ஃபோல்டரிலேயே தமிழ் தெரியாத ஒரு பழைய யுஎஸ்பி10ஐ வைத்திருந்தது. முதல் கதவு தன் வீட்டுக் கதவு என்பதால் கோயிலுக்குப் போகாமல் வீட்டிலிருந்த ஓட்டை அண்டாவையே எடுத்துக்கொண்டிருந்தது. அந்தக் கோப்பின் பெயரை மாற்றி வைத்தேன். மென்பொருள் சிஸ்டம்32க்குப் போனது, கொம்பு வீடு திரும்பியது. இன்று விண்டோஸில் இந்த வேலைக்கு டைரக்ட்ரைட் வந்துவிட்டது. ஆண்ட்ராய்டிலும் ஃபயர்ஃபாக்ஸிலும் லிப்ரேஆபீசிலும் ஹார்ஃப்பஸ் என்ற நூலகம் அதைச் செய்கிறது. நூலகம் என்பதும் இந்த மாதிரிப் பொதுக்கோப்புதான். இந்த வரியை நீங்கள் படிக்கும்போதும் ஏதோ ஒரு பொதுக்கோப்பு கொம்புகளைத் தூக்கித் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறது.

பிடிஎஃப் வந்த சந்தோஷத்தில் மாமா தே தாரேக், அதாவது ஆற்றிய பால் தேநீர், வாங்கிவரச் சொன்னார். குடித்துக்கொண்டே கேட்டார்: "ஏன் மாப்ள, எல்லாத்தையும் ஒரே ஃபைல்ல போட்டுக் குடுத்துட்டா இந்தத் தொல்லையே இல்லல்ல?"

கொடுக்கலாம், கொடுக்கவும் செய்கிறார்கள். 1985இல் விண்டோஸின் முதல் பதிப்பு வந்தபோது 256 கிலோபைட் நினைவகத்தில் ஓட வேண்டியிருந்தது. ஆளுக்கொரு அண்டா வாங்கக் கட்டுப்படியாகாது. இப்போது இடத்துக்குப் பஞ்சமில்லை, அதனால் பல மென்பொருள்கள் தனக்கு வேண்டிய எல்லாவற்றையும் மூட்டை கட்டிக்கொண்டே வருகின்றன. நிம்மதிதான். ஆனால் 2014 ஏப்ரலில், இணையத் தொடர்பைப் பிறர் படிக்க முடியாமல் மறைக்கிற ஓபன்எஸ்எஸ்எல் நூலகத்தில் ஹார்ட்பிளீட் என்ற பாதுகாப்பு ஓட்டை வெளிப்பட்டது. வேலையிடத்து லினக்ஸ் சர்வர்களில் பொதுவாக இருந்த அந்த ஒரு நூலகத்தை மாற்றி, அதைப் பயன்படுத்தியவற்றை மறுபடி தொடங்கியதும் அத்தனைக்கும் ஓட்டை அடைபட்டது. தனியாக மூட்டை கட்டி வந்தவை எவை என்று தேடித் தேடி ஒவ்வொன்றாகப் புதுப்பிக்கத்தான் நாள் பிடித்தது. இதை மாமாவிடம் சொன்னேன். "கோயில் அண்டாவுக்கு ஈயம் பூசினா எல்லா வீட்டுச் சோறும் நல்லாருக்கும்," என்றார். நான் இருபது வருடமாக இந்த வேலையில் இருக்கிறேன், இவ்வளவு சுருக்கமாக எனக்குச் சொல்ல வந்ததில்லை.

லினக்ஸில் இந்தத் தொல்லை இல்லை என்று நினைக்க வேண்டாம். லினக்ஸில் ஒரு வகையான உபுண்டுவின் 22.04 பதிப்புக்கு மாறியபோது ஓபன்எஸ்எஸ்எல் 3 மட்டும்தான் வந்தது, அதன் பழைய பதிப்பின் கோப்பான லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1ஐக் கேட்ட பழைய மென்பொருள்கள் படுத்துக்கொண்டன. எல்டிடி கட்டளை கொடுத்தால் எந்தப் பெயருக்கு எதிரே 'கிடைக்கவில்லை' என்று இருக்கிறது என்று உடனே காட்டிவிடும். நம்பகமில்லாத கோப்பின்மேல் மட்டும் அதை ஓட்டாதீர்கள். எங்கள் பக்கத்து மேசைக்காரர் 3க்கு 1.1 என்று பெயர் சூட்டி ஒரு குறுக்குவழி இணைப்பு போட்டார். பேர் மாறியதால் ஆள் மாறிவிடுமா? அடுத்த பிழைக்குப் போனது, அவ்வளவுதான்.

கிளம்பும்போது பையன், "உள்ள என்னண்ணே இருக்கும்?" என்றான். ஒரு டிஎல்எல்லை நோட்பேடில் திறந்து காட்டினேன். ஒரே கிறுக்கல். ஆனால் முதல் இரண்டு எழுத்து மட்டும் தெளிவாக, எம், இசட். விண்டோஸுக்கு முந்தைய டாஸ் காலத்து மைக்ரோசாப்ட் பொறியாளர் மார்க் ஸ்பிகோவ்ஸ்கியின் பெயரெழுத்துகள். சற்றுத் தள்ளி, இதை டாஸில் ஓட்ட முடியாது என்று ஒரு ஆங்கில வரி. விண்டோஸ் 11இலும் அந்த வரி இருக்கிறது. மாமா கண்ணாடியைத் தூக்கிக்கொண்டு அதை இரண்டு முறை படித்தார். "நான் மொத மொதல்ல கார்டு அடிச்சது டாஸ்லதான்," என்றார்.

இரண்டு பொட்டலங்களையும் ஒரு பென் டிரைவில் போட்டுக் கொடுத்தேன். மாமா அதை ஒரு மாதிரிக் கார்டின் உறையில் வைத்து, மேலே '2010 – 32, 2013 – 32' என்று எழுதி, கணினிப் பெட்டியின் பக்கவாட்டில் டேப் போட்டு ஒட்டினார். பிள்ளையார் சுழியும் போட்டார்.

பிறகு பையன் முதல் தாளை அச்சடித்தான். நான் கொம்புகளைப் பார்த்தேன், எல்லாம் அதனதன் இடத்தில் இருந்தன. மாமா தாளை விளக்கடியில் பிடித்து மேலிருந்து கீழ்வரை விரல் வைத்துப் படித்தார்.

"மாப்பிள்ளையோட அப்பா பேருல இனிஷியல் வுட்டுப்போச்சு," என்றார்.